அடையாற்றங்கரையில் இருபது வினாடி

நேயர்கள் அனைவருக்கும் என் வணக்கம்.

சென்னையில் அடையாற்றின் மேலுள்ள திரு.வி.க. பாலத்தைக் கடப்பவர்கள் கடல் பக்கம் திரும்பிப் பார்த்தால், ஆறு அகன்று விரிந்து கடலை நெருங்குவது தெரியும். 1746ஆம் ஆண்டு நவம்பர் 4ஆம் நாள் அந்த ஆற்றின் வடகரையில், ஆர்க்காட்டு நவாப் அன்வருதீன் கானின் மகன் மாபூஸ்கான் ஏறத்தாழ 10,000 பேர் கொண்ட படையோடு காத்திருந்தார். அந்த ஆண்டு செப்டம்பரில் பிரெஞ்சுக்காரர்கள் ஆங்கிலேயரிடமிருந்து கைப்பற்றியிருந்த சென்னைக் கோட்டையை மீட்பதே அவருடைய நோக்கம். கோட்டைக்கு உதவியாகப் புதுச்சேரியிலிருந்து நடந்து வந்த படை தென்கரையை அடைந்தது. பராதி என்ற சுவிட்சர்லாந்துக்காரர் அதன் தலைவர். சில நூறு ஐரோப்பியரும் சுமார் 700 இந்தியச் சிப்பாய்களும் அதில் இருந்தார்கள். மொத்தத்தில் ஆயிரம் பேர் அளவுதான். பீரங்கியும் கிடையாது. அந்த ஆயிரம் பேர் ஆற்றில் இறங்கி, நீரைக் கடந்து, மறுகரை ஏறி, வரிசையாக நின்று சுட்டார்கள். சுட்ட கையோடு துப்பாக்கி முனையில் கத்தியை நீட்டிக்கொண்டு முன்னேறினார்கள். நவாபின் படை சாந்தோம் ஊருக்குள் பின்வாங்கி, தெருக்களில் நெருக்கியடித்து, அங்கேயும் சுடப்பட்டுக் கலைந்து போனது.

அவர்களிடம் நல்ல துப்பாக்கி இருந்தது, அதனால் வென்றார்கள் என்றுதான் இதற்குப் பொதுவாக விடை சொல்வார்கள். பல ஆண்டுகளாக இந்தக் காலத்துப் போர்முறையைப் படித்துவரும் எனக்கு அந்த விடையில் நிறைவு இல்லை. ஏனென்றால், மஸ்கட் என்று அழைக்கப்பட்ட அந்தத் துப்பாக்கி, தனி ஒருவன் கையில் மிகவும் மோசமான ஆயுதம்.

அதன் குழலின் உட்புறம் வழவழப்பானது. குண்டைச் சுழற்றி நேராக அனுப்பும் வரிப்பள்ளங்கள் அதில் இல்லை. விரைவாக நிரப்ப வேண்டும் என்பதற்காகக் குழலின் விட்டத்தைவிடச் சற்றுச் சிறிய ஈயக்குண்டைப் போட்டார்கள். அது குழலுக்குள் இங்கும் அங்கும் தட்டிக்கொண்டு வெளியேறி, எந்தப் பக்கம் போகும் என்று சொல்ல முடியாதபடி பறக்கும். நூறு மீட்டருக்கு அப்பால் ஒரு மனிதனைக் குறிவைத்து வீழ்த்துவது பெரும்பாலும் தற்செயல்தான்.

அதை நிரப்பும் வேலையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். எல்லாமே அதில்தான் அடங்கியிருக்கிறது. வெடிமருந்தும் குண்டும் ஒன்றாகச் சுருட்டப்பட்ட காகிதத் தோட்டாவைச் சிப்பாய் இடுப்புப் பையிலிருந்து எடுக்கிறான். அதன் நுனியைப் பல்லால் கடித்துக் கிழிக்கிறான். முன்பல் இல்லாதவனுக்குப் படையில் இடம் கிடைப்பது கடினம் என்ற நிலை இதனால்தான் வந்தது. கரிமருந்தின் பெரும்பகுதி வெடியுப்பு. ஒவ்வொரு முறை கடிக்கும்போதும் அந்த உப்பு நாக்கில் ஒட்டும், நாலைந்து முறை சுடுவதற்குள் தொண்டை வறண்டுவிடும். சிறிது மருந்தை, குழலின் பக்கத்தில் பொறி விழும் சிறு கிண்ணியில் இட்டு மூடுகிறான். மீதியைக் குழலுக்குள் கொட்டி, குண்டையும் காகிதத்தையும் போட்டு, நீண்ட கோலால் இடித்து இறக்குகிறான். கோலைத் திரும்ப அதன் இடத்தில் செருகி, சக்கிமுக்கிக் கல் பொருத்திய சுத்தியலை முழுவதும் பின்னுக்கு இழுத்துத் தோளில் ஏற்றுகிறான். இவ்வளவையும் செய்து முடிக்க, நன்றாகப் பழகிய சிப்பாய்க்கு ஏறக்குறைய 20 வினாடி ஆகும்.

இப்போது மனதுக்குள் நிதானமாக இருபது வரை எண்ணிப் பாருங்கள். பாய்ந்து வரும் குதிரை அந்த நேரத்துக்குள் நூறு மீட்டரை எளிதாகக் கடந்துவிடும். ஒருமுறை சுட்டுவிட்டு மறுபடி நிரப்பிக்கொண்டிருப்பவனுக்கு, குதிரைவீரனின் வாளுக்கு முன்னால் அந்த இருபது வினாடி எவ்வளவு நீளமானது என்பதை எண்ணிப் பாருங்கள். துப்பாக்கிக் காலத்துப் படைத்தலைவர்கள் தலையைப் பிய்த்துக்கொண்டதெல்லாம் இந்த இருபது வினாடிக்காகத்தான்.

எங்கள் ஊரில் ஒரே உரலில் இரண்டு பெண்கள் எதிரெதிரே நின்று நெல் குத்துவதை நான் சிறுவயதில் பார்த்துக்கொண்டே நின்றிருக்கிறேன். ஒருவருடைய உலக்கை இறங்கும்போது மற்றவருடையது மேலே இருக்கும். உரல் ஒரு நொடியும் சும்மா இருப்பதில்லை; ஆனால் தாளம் தப்பினால் உலக்கைகள் மோதிக்கொள்ளும். நாசோ குடும்பத்து வில்லியம் லூயி, 1594ஆம் ஆண்டு தம் உறவினரான டச்சுத் தளபதி மோரிஸுக்கு எழுதிய கடிதத்தில் சொன்ன யோசனையும் இதே வகையைச் சேர்ந்தது. முதல் வரிசை சுட்டுவிட்டுப் பின்னால் போய் நிரப்ப வேண்டும், அதற்குள் இரண்டாவது வரிசை சுட வேண்டும், பிறகு மூன்றாவது. ஒருவனுடைய இருபது வினாடியை மற்றவர்கள் நிரப்பிவிடுகிறார்கள். தாளம் தப்பக் கூடாது என்பதற்காகத்தான் 1607இல் வெளியான டச்சுப் பயிற்சிக் கையேடு, மஸ்கட்டைக் கையாளும் வேலையை 43 நிலைகளாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் படமாகவே காட்டியது.

இதைத்தான் நாம் கவாத்து என்கிறோம். தோட்டத்தில் செடியின் வேண்டாத கிளைகளைக் கழிப்பதற்கும் தமிழில் அதே சொல்தான். சிப்பாயின் உடம்பிலிருந்து வேண்டாத அசைவுகளைக் கழிப்பதற்கும் அது பொருந்தியே இருக்கிறது.

தாளம் மட்டும் போதவில்லை. குதிரைப்படை நெருங்கிவிட்டால் தடுப்பதற்காக, 17ஆம் நூற்றாண்டில் துப்பாக்கிக்காரர்களோடு நீண்ட ஈட்டிக்காரர்களையும் நிறுத்த வேண்டியிருந்தது. பிறகு துப்பாக்கியின் முனையிலேயே பயனெட் என்னும் கத்தியைப் பொருத்தினார்கள். முதலில் வந்தது குழலுக்குள் செருகும் வகை. செருகிவிட்டால் சுட முடியாது. 1689இல் ஸ்காட்லாந்தின் கில்லிகிராங்கியில், அதைச் செருகி முடிப்பதற்குள் மலைநாட்டு வீரர்கள் வாளோடு மேலே விழுந்து அரசுப் படையைச் சிதறடித்தார்கள். குழலைச் சுற்றி வளையமாகப் பொருந்தும் பயனெட் பரவிய பிறகே, ஒரே மனிதன் துப்பாக்கிக்காரனாகவும் ஈட்டிக்காரனாகவும் ஆனான், ஈட்டிப்படை மறைந்தது.

இப்போது அடையாற்றுக்குத் திரும்புவோம். நவாபின் படையிலும் துப்பாக்கிகள் இருந்தன. பெரும்பாலும் எரியும் திரியால் பற்றவைக்கும் வகை. அவர்கள் வீரத்தில் குறைந்தவர்கள் அல்லர். இதை நான் அழுத்திச் சொல்கிறேன். குறைந்தது அந்தத் தாளம் ஒன்றுதான். இரண்டு நாள் முன்பு கோட்டையிலிருந்து வெளியே வந்த பிரெஞ்சுப் பிரிவு, இரண்டு பீரங்கிகளால் விடாமல் சுட்டபோது நவாபின் குதிரைப்படை திகைத்துப் போனது. ஒரு பீரங்கியைக் கால் மணி நேரத்துக்கு ஒருமுறைக்கு மேல் சுட முடியாது என்று அவர்கள் நம்பியிருந்ததாக அக்காலத்து வரலாற்றாசிரியரான ராபர்ட் ஓர்ம் எழுதியிருக்கிறார். அவர்கள் வேகத்தை வேறு கணக்கில் அறிந்திருந்தார்கள். அந்தக் கணக்கு இரண்டே நாளில் பொய்த்துவிட்டது.

ஆற்றைக் கடந்து வென்றவர்களில் பெரும்பாலோர் இந்த மண்ணின் சிப்பாய்கள் என்பதையும் மறக்க வேண்டாம். தோலின் நிறத்துக்கும் இந்தத் திறமைக்கும் தொடர்பில்லை. கவாத்து கற்றவன் எவனும் அதைச் செய்தான்.

தீபாவளி விடியலில் காற்றில்லாத தெருவில் வெடிப்புகை அசையாமல் நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். மூன்று முறை சுட்டபின் போர்க்களம் அப்படித்தான் இருக்கும். எதிரி தெரியமாட்டான்; பக்கத்தில் நிற்பவனின் தோளும் அதிகாரியின் குரலும் முரசும் மட்டுமே துணை. தோளோடு தோள் ஒட்டி நின்றதும், கண்ணைப் பறிக்கும் நிறத்தில் உடை அணிந்ததும் இதற்காகவும்தான்.

எனக்கு ஒதுக்கப்பட்ட நேரம் நெருங்கிவிட்டது என்று நிலைய நண்பர் சைகை காட்டுகிறார். ஆங்கிலேயக் கம்பெனி இதே பாடத்தைக் கற்று, 1748இல் வந்திறங்கிய ஸ்டிரிங்கர் லாரன்ஸின் கையில் தன் படையை ஒப்படைத்ததையும், அவருக்குப் பின் மதராஸ் சிப்பாய்ப் படை வளர்ந்ததையும் விரிவாகப் பேச எண்ணியிருந்தேன். அதற்கு இடமில்லை. ஒன்றை மட்டும் சொல்லி விடைபெறுகிறேன். 1780 செப்டம்பர் 10 அன்று காஞ்சிபுரத்துக்கு அருகே பொள்ளிலூரில், கர்னல் பெய்லியின் கம்பெனிப் படை இதே கவாத்தோடுதான் அணிவகுத்து நின்றது. ஹைதர் அலியும் திப்புவும் அதைச் சுற்றி வளைத்தார்கள். மருந்து வண்டிகள் வெடித்துச் சிதறின. கடித்துக் கிழிக்கத் தோட்டா இல்லாமல், பயனெட்டை மட்டும் நீட்டிக்கொண்டு அந்த வரிசை கடைசிவரை நின்றது.

வணக்கம்.