யாரும் உற்பத்தி செய்யாத சரக்கு

நேயர்களுக்கு வணக்கம்.

ஈரலுக்காக யாரும் மாடு வளர்ப்பதில்லை. காலை வெட்டி விற்கலாம் என்று யாரும் கோழிப்பண்ணை தொடங்குவதில்லை. சதைக்காகத்தான் வளர்க்கிறார்கள், மற்றதெல்லாம் கூடவே வருகிறது. அப்படிக் கூடவே வருகிற ஈரல், குடல், இரைப்பை, நாக்கு, இதயம், வால், காது, கால் ஆகியவற்றின் உலகச் சந்தையைப் பற்றிப் பேசத்தான் இன்று என்னை அழைத்திருக்கிறார்கள். மொத்தமாகச் சொல்வதற்கு உறுப்பு இறைச்சி என்றே வைத்துக்கொள்வோம்.

சில்லறை வியாபாரம் என்று நினைத்துவிட வேண்டாம். அமெரிக்க வேளாண் துறை 2011-ல் வெளியிட்ட ஆய்வு ஒன்று, உயிர் எடையில் மாட்டில் சுமார் 44 சதவீதமும் பன்றியில் சுமார் 30 சதவீதமும் சதையல்லாத துணைப்பொருள்கள் என்று கணக்கிட்டது. தோல், இரத்தம், எலும்பு எல்லாம் சேர்ந்த கணக்கு அது. உண்ணத் தகுந்தது அதில் ஒரு பகுதிதான். அந்த ஒரு பகுதியை வைத்தே அமெரிக்கா மாட்டு உறுப்புகளில் ஆண்டுக்கு ஏறத்தாழ 100 கோடி டாலருக்கும், பன்றி உறுப்புகளில் அதற்கு மேலும் ஏற்றுமதி செய்கிறது. அறுக்கப்படும் மாட்டின் தோலும் உறுப்புகளும் சேர்ந்து அன்றைக்கு என்ன விலை பெறும் என்பதை அந்தத் துறை தொடர்ந்து வெளியிட்டு வருகிறது. சதையில் கிடைக்கும் லாபம் மெலிந்துபோகிற நாள்களில், ஆலைக்கு லாபமா நட்டமா என்று முடிவு செய்வது இந்த எண்தான்.

இந்தச் சந்தையைப் புரிந்துகொள்ள ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டால் போதும். கோதுமை விலை ஏறினால் அடுத்த பருவத்தில் விவசாயி கூடுதலாக விதைப்பார். நாக்கின் விலை இரண்டு மடங்கானால் என்ன செய்ய முடியும்? ஒரு மாட்டுக்கு ஒரு நாக்குதான். எத்தனை மாடு அறுபடும் என்பதைச் சதை வாங்குகிறவர் முடிவு செய்கிறார். நாக்கு வாங்குகிறவருக்கு அதில் குரலே கிடையாது. மறுபக்கமும் அப்படித்தான். விலை தரைக்கு வந்தாலும் வரத்து குறையாது, நாளைக்கும் அதே அளவு நாக்கு வந்து சேரும். வரத்து அசையாதபோது, தேவையில் வரும் ஒவ்வொரு சிறு மாற்றமும் நேராக விலையில் போய் இடிக்கிறது. அந்தத் தேவையோ சில நாடுகளின் கையில் இருக்கிறது. ஆகவே இந்தச் சரக்கின் விலையை நிர்ணயிப்பது உற்பத்தியும் அல்ல, பெரும்பாலும் ருசியும் அல்ல. எந்த நாட்டின் எல்லை இன்றைக்குத் திறந்திருக்கிறது என்பதுதான்.

கோழிக்காலை, அதாவது தொடைக்கறி அல்லாத வெறும் பாதத்தை, எடுத்துக்கொள்வோம். இதைவிடத் தெளிவான உதாரணம் கிடையாது.

அமெரிக்காவில் ஆண்டுக்குச் சுமார் 900 கோடி கறிக்கோழிகள் அறுபடுகின்றன. 1,800 கோடி கால்கள். அந்த நாட்டில் அவற்றைத் தின்பவர்கள் சொற்பம். ஒரு காலத்தில் இறகோடும் குடலோடும் சேர்த்து வேகவைத்து, தீவனத் தூளாக அரைத்து வந்தார்கள். சீனாவில் அதே கால் விரும்பித் தின்னும் பண்டம். சதையைவிட அதற்குக் கிராக்கி உண்டு. வழி திறந்ததும் கழிவாக இருந்த கால், நெஞ்சுக்கறிக்கும் இறக்கைக்கும் அடுத்தபடியாகக் கோழியில் மூன்றாவது மதிப்புள்ள பாகமாக உயர்ந்துவிட்டது.

இந்த மாற்றம் பண்ணைத் தரைவரைக்கும் போயிற்று. கோழி நிற்கிற மரத்தூள் படுகை ஈரமாக இருந்தால் பாதத்தின் அடியில் கருப்பாகப் புண் விழும். முன்பு அதை யாரும் பொருட்படுத்தவில்லை. இப்போது ஆலையில் ஒவ்வொரு பாதத்தையும் பார்த்துத் தரம் பிரிக்கிறார்கள். பளிச்சென்று புண்ணில்லாமல் பெரிதாக இருந்தால் முதல் தரம், புண் இருந்தால் கீழ்த்தரம், புண் பெரிதாக இருந்தால் மறுபடியும் தீவனத் தூள்தான். எனவே படுகையை உலர வைப்பது, காற்றோட்டம், தண்ணீர்க் குழாயில் கசிவு இல்லாமல் பார்ப்பது எல்லாம் பணம் தரும் வேலைகளாகிவிட்டன. கோழி நலம் பேசுகிறவர்கள் ஆண்டுக்கணக்கில் கேட்டதை, கடல் கடந்து யாரோ கோழிக்கால் கேட்டதால் ஓரளவு நடத்திக்கொடுத்தார்கள்.

பிறகு வாசல் மூடியது. 2010-ல் சீனா, அடிமாட்டு விலைக்குக் கொண்டுவந்து கொட்டுகிறார்கள் என்று சொல்லி, அமெரிக்கக் கோழிக்குப் பொருள் குவிப்புத் தடுப்பு வரி போட்டது. அமெரிக்கா உலக வணிக அமைப்புக்குப் போய் 2013-ல் சாதகமான தீர்ப்பு வாங்கியது. ஆனால் 2015 ஜனவரியில் பறவைக் காய்ச்சலைக் காட்டி அமெரிக்கக் கோழியை மொத்தமாகவே சீனா நிறுத்தியது. 2019 நவம்பரில்தான் தடை நீங்கியது. கிட்டத்தட்ட ஐந்து வருடம்! அந்த இடைவெளியில் பிரேசில் நன்றாகச் சம்பாதித்தது. திறந்த பிறகு அமெரிக்கா சீனாவுக்கு அனுப்பிய கோழிச் சரக்கில் பெரும்பங்கு கால்தான். இப்போது காய்ச்சல் வந்தால் அந்தந்த மாநிலத்துக்கு மட்டும் தடை என்ற ஏற்பாடு இருப்பதால் கதவு முழுவதும் அடைபடுவதில்லை.

பன்றிக்கு வருவோம். 2018 ஆகஸ்டில் சீனாவின் லியாவோனிங் மாகாணத்தில் ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் தென்பட்டது. அந்த ஆண்டு சுமார் 5.4 கோடி டன்னாக இருந்த சீனப் பன்றி இறைச்சி உற்பத்தி 2020-ல் சுமார் 4.1 கோடி டன்னுக்குச் சரிந்தது. உலகமே சீனாவுக்குச் சரக்கு அனுப்பியது. 2020-ல் அந்நாடு 43 லட்சம் டன்னுக்கு மேல் பன்றி இறைச்சி இறக்குமதி செய்தது. அப்புறம் உள்நாட்டு மந்தை மீண்டது. சதை இறக்குமதி சரசரவென்று இறங்கி 2024-ல் சுமார் 11 லட்சம் டன்னுக்கு வந்தது. கவனிக்க வேண்டிய செய்தி இதற்குப் பிறகு வருகிறது: காது, கால், குடல், இரைப்பை போன்றவற்றின் இறக்குமதி அப்படி விழவில்லை. பத்து லட்சம் டன்னுக்கு மேலேயே நின்றது. சதையை உள்நாட்டிலேயே வேண்டிய மட்டும் உண்டாக்கிக்கொள்ளலாம். ஒரு பன்றிக்கு இரண்டு காதுக்கு மேல் எந்த நாடும் உண்டாக்க முடியாதல்லவா?

இவ்வளவு தேவை இருந்தும் விற்பவருக்கு நிம்மதி கிடையாது. 2018-ல் வணிகப் போர் மூண்டபோது, அமெரிக்கப் பன்றி உறுப்புகள் மீது 12 சதவீதமாக இருந்த சீன வரி இரண்டே தவணையில் 62 சதவீதமானது. 2020 செப்டம்பரில் ஜெர்மனியின் பிராண்டன்பர்க் பகுதியில் செத்துக் கிடந்த ஒரு காட்டுப்பன்றிக்கு நோய் உறுதியானது. பண்ணைப் பன்றிகூட இல்லை, காட்டுப்பன்றி. சில நாள்களில் சீனா ஜெர்மனிக்குக் கதவடைத்தது. சதையை ஐரோப்பாவுக்குள்ளேயே எப்படியாவது தள்ளிவிடலாம். காதையும் காலையும் பக்கத்து நாட்டில் யார் கேட்பார்கள்?

ஜப்பான் கதை வேறு சுவை. அங்கே மாட்டு நாக்குக்குத் தனி மதிப்பு. செண்டாய் நகரம் அதற்கே பேர்போனது. விலா ஓரத்தில் உதரவிதானத்தை ஒட்டிய தசையையும் ஜப்பான் உறுப்புக் கணக்கில்தான் சேர்க்கிறது. சாதாரண மாட்டிறைச்சிக்கு 38.5 சதவீத வரி இருந்தபோது இவற்றுக்கு 12.8 சதவீதம்தான். எந்தப் பட்டியலில் போடுகிறார்கள் என்பதிலேயே காசு இருக்கிறது பாருங்கள். 2003 டிசம்பரில் அமெரிக்காவில் முதல் பைத்திய மாட்டு நோய் தென்பட்டதும் ஜப்பான் கதவைச் சாத்தியது. பிறகு 20 மாதம் வரையிலான மாடு, 2013-ல் 30 மாதத்துக்கு உட்பட்ட மாடு என்று படிப்படியாகத் தளர்த்தி, வயது வரம்பை முழுவதும் நீக்கியது 2019-ல். 2020-லிருந்து வரியும் ஆண்டுதோறும் இறங்குகிறது. நாக்குக்கு இவ்வளவு விலை தரும் சந்தை வேறு இல்லாததால், தடை இருந்த ஆண்டுகளில் பட்ட நட்டத்தை ஈடுகட்ட அமெரிக்க ஆலைகளுக்கு வேறு போக்கிடம் இருக்கவில்லை.

ஈரலின் நிலை இதற்கு நேர் எதிர். உணவுச் சத்தில் உச்சம், விலையில் அடிமட்டம். நூறு கிராம் மாட்டு ஈரலில் இருக்கும் வைட்டமின் பி12, ஒரு மனிதரின் அன்றாடத் தேவையைப் போல் இருபது மடங்குக்கு மேல். கொடிய வகை இரத்தசோகைக்கு ஈரலை மருந்தாகக் கொடுத்துக் காட்டியதற்காக 1934-ல் விப்பிள், மைனாட், மர்ஃபி மூவருக்கும் நோபல் பரிசே கிடைத்தது. வைட்டமின் ஏ மிக அதிகம் என்பதால் கர்ப்பிணிகள் தவிர்க்க வேண்டும் என்று மருத்துவர்கள் சொல்வதும் உண்டு. இத்தனை இருந்தும் அமெரிக்க மாட்டு ஈரலில் பெரும்பங்கைப் பல ஆண்டுகளாக வாங்கி வருவது ஒரே நாடு, எகிப்து. 2016 நவம்பரில் எகிப்து தன் நாணயமான பவுண்டின் மதிப்பைச் சந்தையே முடிவு செய்யட்டும் என்று விட்டபோது அது பாதிக்குக் குறைந்தது. கெய்ரோவில் பவுண்டு விழுந்தால் அமெரிக்காவின் கான்சாஸ் மாநில ஆலையில் ஈரலின் மதிப்பு ஆட்டம் காணுகிறது. கப்பல் கூலியும் ஈரலைத்தான் அதிகம் வருத்தும். குளிர்பதனக் கொள்கலனுக்கு உள்ளே இருப்பது விலையுயர்ந்த சதையா மலிந்த ஈரலா என்று தெரியாது. 25 டன் சரக்குக்கு வாடகை வாடகைதான். 2021-ல் வாடகை எகிறியபோது முதலில் நசுங்கியது இப்படிப்பட்ட மலிவுச் சரக்கு.

ஆலைக்குள்ளும் ஒரு கதவு இருக்கிறது: ஆள். இரைப்பையைப் பிளந்து, கழுவி, வெந்நீரில் அலசி, உள்தோலைச் சுரண்டி, குளிர வைத்துப் பெட்டியில் அடைக்க வேண்டும். சதை வெட்டும் மேசையில் ஆள் குறைந்தால் முதலாளி இரைப்பை கழுவுகிறவரைத்தான் அங்கே இழுப்பார். 2020-ல் பெருந்தொற்றுக் காலத்தில் அதுதான் நடந்தது. வாங்க ஆள் இருந்தும், சுத்தம் செய்ய ஆள் இல்லாமல் நல்ல உறுப்புகள் தீவனத் தூளாவதற்குக் கொதிகலனுக்குப் போயின.

வேறு பக்கத்திலிருந்தும் போட்டி உண்டு. நாய், பூனை உணவுக்காரர்கள் ஈரலையும் நுரையீரலையும் இழுக்கிறார்கள். ஐரோப்பியச் சட்டப்படி, மனிதர் தின்னத் தகுந்த உறுப்பையே வணிகக் காரணத்துக்காக மூன்றாம் வகைத் துணைப்பொருள் என்று ஒதுக்கலாம். ஆனால் ஒருமுறை ஒதுக்கிவிட்டால் அது மனிதர் தட்டுக்குத் திரும்ப முடியாது. காலையில் எடுக்கும் அந்த முடிவை மாலையில் விலை ஏறினாலும் மாற்ற வழியில்லை. பன்றிக்குடலின் உள்சவ்வு, இரத்தம் உறையாமல் தடுக்கும் ஹெப்பாரின் மருந்துக்குப் போகிறது. மிச்சக் குடல் உப்பிட்டு, ஏறக்குறைய 91 மீட்டர் கொண்ட கட்டுகளாகக் கட்டப்பட்டு, தொத்திறைச்சி உறையாகிறது. ஐரோப்பாவில் எடுத்த குடல் தரம் பிரிப்பதற்காகவே சீனாவுக்குப் போய், மறுபடி ஐரோப்பாவுக்கே வருவதும் வழக்கம். கூலி வித்தியாசம் அந்தப் பயணச் செலவையும் தாங்குகிறது.

சில கதவுகள் உடல்நலத்தின் பேரால் மூடப்பட்டவை. நுரையீரலை மனித உணவாக விற்பதை அமெரிக்கா 1971-லிருந்து அனுமதிப்பதில்லை; ஆட்டின் நுரையீரல், இதயம், ஈரல் சேர்த்துச் செய்யும் ஸ்காட்லாந்தின் பாரம்பரிய உணவான ஹாகிஸ் அந்த நாட்டுக்குள் நுழைய முடியாமல் போனது அதனால்தான். சமோவா தீவு நாடு, கொழுப்பு நிறைந்த வான்கோழி வால் தன் மக்களை நோயாளியாக்குகிறது என்று 2007-ல் இறக்குமதியைத் தடை செய்தது. 2012-ல் உலக வணிக அமைப்பில் சேருவதற்கு அந்தத் தடையை விலக்கிக்கொள்ள ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று. தன் நாட்டில் தின்ன ஆளில்லாத கொழுப்பை ஏழைத் தீவுக்கு அனுப்பிவிட்டு, அதற்குச் சுதந்திர வணிகம் என்று பெயர் வைப்பதை என்னால் ரசிக்க முடியவில்லை.

சரி, உள்ளூரிலேயே தின்ன வைத்தால் என்ன? முயன்றிருக்கிறார்கள். இரண்டாம் உலகப் போரில் சதை போர்முனைக்குப் போக, அமெரிக்க அரசு குடும்பத் தலைவிகளை இதயமும் சிறுநீரகமும் சமைக்க வைக்கப் பார்த்தது. உளவியலாளர் குர்ட் லெவின் நடத்திய சோதனையில், நல்ல சொற்பொழிவு கேட்ட பெண்களில் 3 சதவீதம் பேர்தான் சமைத்துப் பார்த்தார்கள். கூடி உட்கார்ந்து தாங்களே பேசி முடிவெடுத்தவர்களில் 32 சதவீதம் பேர். வானொலியில் உரையாற்ற வந்தவன் சொல்லக்கூடாத செய்தி இது. போர் முடிந்து சதை திரும்பியதும் அந்தப் பழக்கமும் பெரிதாக நிலைக்கவில்லை.

இந்தச் சந்தை ஆண்டுக்கு இத்தனை சதவீதம் வளரும் என்று புள்ளிக்குப் பின் இரண்டு இலக்கத்தோடு சொல்லும் விற்பனை அறிக்கைகள் நிறைய வருகின்றன. அவற்றை வாங்கும் முன் ஒன்று கேளுங்கள்: எதைக் கூட்டினீர்கள்? உலகச் சுங்கப் பட்டியலில் ஈரலும் நாக்கும் 0206-ல் இருக்கின்றன, கோழிக்கால் 0207-ல் கோழிச் சதையோடு கலந்து கிடக்கிறது, குடலும் இரைப்பையும் 0504-ல், மற்ற உறுப்புகளில் உப்பிட்டவை 0210-ல். போதாக்குறைக்கு ஹாங்காங் வழியாகப் போகும் சரக்கில் எது அங்கேயே உண்ணப்பட்டது, எது எல்லை தாண்டிச் சீனப் பெருநிலத்துக்குப் போனது என்று பிரிப்பதும் லேசில்லை. அறிக்கையைவிட, எந்த ஆலைக்கு எந்த நாடு பதிவு கொடுத்தது, எந்த உறுப்பின் பெயர் அனுமதிப் பட்டியலில் ஏறியது என்று பார்ப்பவர் தப்பிப்பார்.

இப்போது நடப்பதையே பாருங்கள். ஐரோப்பா சீன மின்சாரக் கார்களுக்கு வரி விதிக்க முற்பட்டது. 2024 ஜூனில் சீனா ஐரோப்பியப் பன்றி இறைச்சி மீது விசாரணை தொடங்கியது. அதில் குடலையும் இரைப்பையையும் பெயர் சொல்லிச் சேர்த்தது. 2025 செப்டம்பரில் 62.4 சதவீதம் வரை தற்காலிக வரி, டிசம்பரில் அது 4.9 முதல் 19.8 சதவீதம் என்று ஐந்தாண்டுக்கு உறுதியானது. ஸ்பெயின்தான் சீனாவுக்கு அதிகம் பன்றிச் சரக்கு அனுப்பும் ஐரோப்பிய நாடு. இந்த விசாரணை நடந்துகொண்டிருந்தபோதே, 2025 ஏப்ரலில் ஸ்பெயின் பிரதமர் பெய்ஜிங் போனார். அந்தப் பயணத்தில் பன்றி இரைப்பைக்கு அனுமதி தரும் உடன்பாடு ஒன்று தனியாகக் கையெழுத்தானது. ஐரோப்பாவில் எந்த ஆலை இரைப்பை கழுவ ஆள் தேடும், எது கொதிகலனுக்கு அனுப்பும் என்பது இனி அந்தக் காகிதத்தில் யாருடைய பெயர் இருக்கிறது என்பதைப் பொறுத்தது.

நன்றி.