மஸ்கட்டீன்: துளை விழுந்த சிப்பிகளின் ஊர்

நேயர்களுக்கு வணக்கம். இந்த உரையைப் படிக்கும்போது ஒலிவாங்கிக்குப் பக்கத்தில் ஒரு சிப்பி ஓட்டை வைத்திருக்கிறேன். உள்ளங்கை அகலம் இருக்கும். வெளிப்புறம் காய்ந்த சேற்றின் நிறம். திருப்பிப் பார்த்தால் பால் வெண்மை. அந்த வெண்மையில் ஏழு துளைகள், ஒன்றையொன்று தொட்டும் தொடாமலும், வட்டக்கோல் வைத்து வரைந்தாற்போல நெருங்கி நிற்கின்றன. அமெரிக்காவில் அயோவா மாநிலத்தின் கிழக்கு எல்லையில் இருக்கும் மஸ்கட்டீன் என்ற ஆற்றங்கரை ஊருக்குப் போய்வந்த நண்பர் கொண்டுவந்து தந்தது இது. பொத்தான்கள் வெட்டியெடுத்த பிறகு எஞ்சிய இத்தகைய ஓடுகளை அந்த ஊரில் யாரும் விலை கொடுத்து வாங்குவதில்லை. தோட்டத்தில் மண்வெட்டி போட்டால் கிடைக்கும்.

வடக்கேயிருந்து வரும் மிசிசிப்பி ஆறு, டேவன்போர்ட்டைத் தாண்டியதும் சில மைல் தூரம் மேற்கு நோக்கி ஓடி, மஸ்கட்டீனில் சட்டென்று தெற்கே திரும்புகிறது. அந்தத் திருப்பத்தில், ஆற்றை ஒட்டி எழும் மேட்டின் மேலும் சரிவிலும் ஊர் உட்கார்ந்திருக்கிறது. இன்றைய மக்கள்தொகை சுமார் 24,000. முதலில் புளூமிங்டன் என்றுதான் பெயர். அதே பெயரில் வேறு ஊர்களும் இருந்து குழப்பம் விளையவே, 1849இல் மஸ்கட்டீன் என்று மாற்றிக்கொண்டார்கள். மிசிசிப்பி என்ற பெயருக்குள்ளேயே ஒரு சிப்பி ஒளிந்திருப்பது தமிழ்க் காதுக்கு மட்டும் கேட்கும் தற்செயல். ஆனால் இந்த ஊரைப் பொறுத்தவரை அது தற்செயலாகத் தோன்றவில்லை.

சிப்பிக்கு முன்னால் இந்த ஊரை வாழவைத்தவை நீராவிப் படகுகள். அவற்றின் கொதிகலன்களுக்கு விறகு விற்றுப் பொருள் சேர்த்தவர்களில் ஒருவர் அலெக்சாண்டர் கிளார்க் என்ற கறுப்பினத்தவர். 1842இல், பதினாறு வயதில், முடிதிருத்துபவராக இங்கே வந்து சேர்ந்தவர். 1867இல் அவருடைய பன்னிரண்டு வயது மகள் சூசனை, நிறத்தைக் காட்டி, அருகிலிருந்த பள்ளியில் சேர்க்க மறுத்தார்கள். கிளார்க் வழக்குத் தொடுத்தார். 1868இல் அயோவா உச்ச நீதிமன்றம், நிறத்தைக் காரணமாக வைத்து ஒரு குழந்தையைத் தனிப் பள்ளிக்கு அனுப்பக் கூடாது என்று தீர்ப்பளித்தது. நாடு முழுவதற்குமாக அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதே முடிவுக்கு வர 1954 ஆனது. கிளார்க் பின்னாளில் தம் ஐம்பது வயதுகளில் சட்டம் படித்து, லைபீரியாவுக்கான அமெரிக்கத் தூதராகி, 1891இல் அங்கேயே காலமானார். உடல் மஸ்கட்டீனுக்குக் கொண்டுவரப்பட்டு அடக்கம் செய்யப்பட்டது.

அதே 1891ஆம் ஆண்டில்தான் ஊரின் தலையெழுத்தை மாற்றிய தொழிற்கூடம் திறக்கப்பட்டது. திறந்தவர் ஜான் பெப்லே. ஜெர்மனியில் ஹாம்பர்க் நகரையடுத்த ஒட்டென்சென்னைச் சேர்ந்தவர்; கொம்பிலும் எலும்பிலும் கடற்சிப்பியிலும் பொத்தான் கடையும் கைவினைஞர். அவர் எப்படி இங்கே வந்தார் என்பதற்கு ஊரில் ஒரு கதை சொல்வார்கள். அமெரிக்காவில் ஏதோ ஓர் ஆற்றில் எடுத்த சிப்பிகள் ஒரு பெட்டி நிறைய அவர் கைக்கு வந்தன. எந்த ஆறு என்று எவருக்கும் தெரியவில்லை. சிகாகோவுக்குத் தென்மேற்கே என்ற ஒரே துப்புதான். மனைவி இறந்த துயரத்தோடு 1887இல் கப்பலேறி வந்த பெப்லே, இலினாய் மாநிலத்துப் பண்ணைகளில் கூலி வேலை செய்துகொண்டே ஆறு ஆறாகத் தேடினாராம். ஒருநாள் சங்கமன் ஆற்றில் குளிக்க இறங்கியபோது காலில் ஏதோ குத்தியது. குனிந்து எடுத்துப் பார்த்தால், தேடி வந்த சிப்பி. அவர் வந்த ஆண்டும் பிறந்த ஊரும் சந்தேகமற்றவை. கால் வெட்டுப்பட்ட கதை அவரே சொல்லிச் சொல்லி ஊர் மெருகேற்றியது என்றே எனக்குப் படுகிறது. ஆனாலும் அந்தக் காலை மறந்துவிடாதீர்கள்.

சிப்பி இருந்தால் மட்டும் தொழில் நடந்துவிடாது. ஐரோப்பாவிலிருந்து மலிவான பொத்தான்கள் வந்து குவிந்துகொண்டிருந்தவரை உள்ளூர்ப் பொத்தானுக்குச் சந்தை இல்லை. 1890இல் மக்கின்லி சுங்கச் சட்டம் இறக்குமதிப் பொத்தான்கள் மீது பெரும் வரி விதித்தது. அடுத்த ஆண்டே பெப்லே மஸ்கட்டீனில் தொழில் தொடங்கினார். அதைப் பார்த்து மற்றவர்களும் இறங்கினார்கள். 1905 அளவில் மஸ்கட்டீன் ஆண்டுக்கு 150 கோடிப் பொத்தான்கள் செய்ததாகவும், அது உலகப் பொத்தான்களில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் என்றும் ஊரார் பெருமையாகச் சொல்கிறார்கள்.

இனி இந்தச் சிப்பி எப்படிப் பிடிபட்டது என்று பாருங்கள். நன்னீர் மட்டி ஆற்றடிச் சரளையில் பாதி புதைந்து, ஓட்டைச் சற்றே திறந்து வைத்து, ஓடிவரும் நீரை வடிகட்டி உண்டு வாழும். எதாவது உள்ளே பட்டால் உடனே இறுக மூடிக்கொள்ளும். தற்காப்புக்கு அதற்கிருந்த அந்த ஒரே வித்தையைத்தான் மனிதன் தூண்டிலாக்கினான். நீண்ட இரும்புக் கம்பியில் வரிசையாகக் கயிறுகள், கயிறு நெடுக நான்கு முனையுள்ள கொக்கிகள். இரை எதுவும் கிடையாது. காக்கைக் கால் என்று அதற்குப் பெயர். தட்டையான படகு நீரோட்டத்தோடு மிதந்து போக, கம்பி ஆற்றடியில் இழுபட்டுச் செல்லும். கொக்கி முனை ஓட்டுக்குள் நுழைந்ததும் மட்டி அதைக் கவ்விக்கொள்ளும். கம்பியைத் தூக்கினால் காய்த்துத் தொங்கும் கொடிபோல மட்டிகள் மேலே வரும். கரையில் தொட்டிகளில் போட்டு ஆவியில் வேகவைத்தால் ஓடு திறந்துகொள்ளும். சதையை விரலால் பிசைந்து முத்து இருக்கிறதா என்று தேடிவிட்டுப் பன்றிகளுக்குப் போடுவார்கள். கோடைக்காலத்தில் அந்தக் கரைகளில் அடித்த நாற்றத்தைப் பற்றி எழுதாதவர் இல்லை.

ஆற்று மனிதர்கள் மட்டிகளுக்கு இட்ட பெயர்கள் சுவையானவை: குரங்குமுகம், பன்றிக்குளம்பு, சலவைப்பலகை, குதிகால்பிளப்பான். பொத்தானுக்கு மிக உகந்தது, கறுத்த ஓடும் வெள்ளை உள்ளும் கொண்ட கருங்காலி. தொழிற்கூடத்தில் ஓட்டைப் பல நாள் தண்ணீரில் ஊறப்போடுவார்கள். காய்ந்த ஓடு அறுக்கும்போது நொறுங்கிவிடும். பிறகு குழாய் வடிவ ரம்பம் சுழல, வெட்டுபவர் ஓட்டை அதன் வாயில் வைத்து அழுத்துவார். வட்டமான வில்லை ஒன்று கழன்று விழும். ஓட்டை நகர்த்தி அடுத்த வட்டம். என் முன்னால் இருக்கும் ஓட்டில் ஏழாவது துளை மட்டும் விளிம்பைக் கடித்துக்கொண்டு அரைவட்டமாக நிற்கிறது. வில்லை எண்ணிக்கைக்குத்தான் கூலி என்பதால், இன்னும் ஒன்று தேறுமா என்று பார்த்த கை அது. பிறகு அந்த வில்லையைச் சமமாகத் தேய்த்து, துளையிட்டு, அமிலத்தில் உருட்டி மெருகேற்றுவார்கள். அட்டையில் தைக்கும் வேலை வீடுகளுக்குப் போகும்; இரவு உணவுக்குப்பின் தாயும் பிள்ளைகளும் சமையலறை மேசையைச் சுற்றி உட்கார்ந்து தைப்பார்கள்.

வெட்டுபவர்களின் நுரையீரலில் சிப்பித்தூள் படிந்தது, விரல்கள் கிழிந்தன. இதற்கெல்லாம் மேலாக எண்ணிக்கையில் நடந்த ஏமாற்று அவர்களைக் கொதிக்க வைத்தது: ஒரு குரோசுக்கு 12 டஜன் என்பது உலகக் கணக்கு, இங்கே 14 டஜன் எண்ணிக் கொடுக்கவேண்டியிருந்தது என்பது அவர்கள் குற்றச்சாட்டு. தொழிலாளர்கள் சங்கம் சேர்ந்தார்கள். 1911 பிப்ரவரி இறுதியில் முதலாளிகள் தொழிற்கூடங்களைப் பூட்டினார்கள்; வெளியூர்களிலிருந்து அடியாட்கள் வரவழைக்கப்பட்டார்கள்; ஆளுநர் படையை அனுப்பினார். கருங்காலி என்ற சொல்லுக்குத் தமிழில் உள்ள இன்னொரு பொருளும் அந்த ஆண்டு மஸ்கட்டீனுக்குப் பொருந்திப்போனது. ஆசிரியர் பயிற்சிக்குப் பணம் சேர்க்கவென்று பொத்தான் வேலைக்கு வந்து, இருபது வயது நிரம்புமுன்பே சங்கத்துக்காக ஊர் ஊராகப் பேசப் போன பேர்ல் மக்கில் என்ற பெண்ணின் பெயர் அந்தப் போராட்டத்தோடு ஒட்டிக்கொண்டது. பேர்ல் என்றால் முத்து. போராட்டம் 1912 வரை இழுத்து, தொழிலாளர் தரப்பில் தோல்வியாகவே முடிந்தது. ஆற்றங்கரையில் மட்டிக்காரருக்கு இன்று சிலை இருக்கிறது. பூட்டிய கதவுக்கு வெளியே நின்றவர்களுக்கும் ஒன்று வைத்திருக்கலாம்.

இதற்குள் ஆறு வெறுமையாகிக்கொண்டிருந்தது. மஸ்கட்டீனுக்குக் கீழே நியூ பாஸ்டன் அருகே ஒரே மட்டிப் படுகையிலிருந்து 1890களில் மூன்றே ஆண்டுகளில் சுமார் 10,000 டன் அள்ளினார்கள். முழுதாக வளர ஆண்டுக்கணக்கில் எடுத்துக்கொள்ளும் உயிர் இந்த வேகத்துக்கு எப்படித் தாங்கும்? தொழிற்கூடங்கள் இந்தியானா, ஆர்கன்சா ஆறுகளிலிருந்து ரயிலில் ஓடு வரவழைக்கத் தொடங்கின. 1908இல் அமெரிக்க நாடாளுமன்றம், மஸ்கட்டீனுக்குச் சில மைல் மேலே ஃபேர்போர்ட் என்ற இடத்தில் மட்டி வளர்ப்பு ஆய்வு நிலையம் அமைக்க ஒப்புதல் தந்தது.

அங்கே அவர்கள் கையாண்ட உயிரியல் வியப்பானது. தாய் மட்டி வெளியிடும் இளவுயிரி நேராக ஆற்றடியில் வளராது. ஒரு மீனின் செவுளில் பற்றிக்கொண்டு சில வாரம் ஒட்டுண்ணியாக வாழ்ந்த பிறகே உதிர்ந்து மட்டியாகும். சில வகைத் தாய்கள் தம் சதையின் ஓரத்தைக் குட்டி மீன் நீந்துவதுபோல் அசைக்கும். அதில் கண்போன்ற புள்ளிகூட உண்டு. இரையென்று எண்ணிப் பெரிய மீன் பாய்ந்து கடிக்கும்போது இளவுயிரிகள் அதன் வாய்க்குள் பீய்ச்சப்படும். ஃபேர்போர்ட் ஆய்வாளர்கள் மீன்களைத் தொட்டியில் நிறுத்தி, இளவுயிரிகளைச் செவுளில் ஏற்றி, ஆற்றில் விட்டார்கள்.

அந்த நிலையத்தில் சிப்பி வல்லுநராக வேலைக்குச் சேர்ந்தவர் யார் என்று நினைக்கிறீர்கள்? பெப்லேதான். கையால் கடைவதே கலை என்றிருந்த அவரை, தானியங்கி எந்திரங்களின் பக்கம் சாய்ந்த தொழில் ஓரங்கட்டியிருந்தது. தாம் தொடங்கிய நிறுவனத்தில் அவருக்கு இடமில்லை. சிப்பி தேடி ஆற்றில் நடந்தபோது ஒரு ஓடு அவர் காலைக் கிழித்தது. காயம் சீழ்ப்பிடித்து, 1912இல் இறந்தார். முதல் வெட்டு கதையோ நிஜமோ, இந்த வெட்டு நிஜம்.

தொழில் அவரோடு முடியவில்லை. பிளாஸ்டிக்கும் சலவை எந்திரமும் வரும்வரை தாக்குப்பிடித்தது. 1960களோடு சிப்பிப் பொத்தான் ஓய்ந்தது. பிளாஸ்டிக் பொத்தானுக்கு மாறிக்கொண்ட சிலர் மட்டும் நின்றார்கள்.

வானொலியில் பேசுகிறவன் என்ற முறையில் இன்னொரு மஸ்கட்டீன்காரரைச் சொல்லாமல் போக எனக்கு மனம் வரவில்லை. நார்மன் பேக்கர் 1925இல் ஊர் மேட்டின்மேல் வானொலி நிலையம் வைத்தார். ஊதா நிற உடைகளில் பிரியமுள்ள அவர், சில ஆண்டுகளில் புற்றுநோய்க்கு மருந்து கண்டுவிட்டதாக ஒலிபரப்பி, மருத்துவமனையும் திறந்தார். மருந்தில் இருந்தவை தர்ப்பூசணி விதை, மக்காச்சோளக் குஞ்சம், தீவனப்புல், தண்ணீர். மஸ்கட்டீன் மணற்பாங்கு தர்ப்பூசணிக்குப் பேர்போனது என்பதால் சரக்குக்குப் பஞ்சமிருந்திருக்காது. நம்பி வந்தவர்கள் ஏராளம்; மருந்துதான் புற்றுநோயைக் குணப்படுத்தவில்லை. 1931இல் அரசு உரிமத்தைப் புதுப்பிக்க மறுத்தது. 1940இல் அஞ்சல்வழி மோசடிக்காக நான்காண்டுச் சிறைத் தண்டனை பெற்றார். ஒலிவாங்கி எவர் கையிலும் ஒரே மாதிரிதான் வேலை செய்கிறது.

மீண்டும் ஆற்றுக்கு வருகிறேன். 1850களில் மஸ்கட்டீனில் ஃபிராங்க் ஹிகின்ஸ் என்பவர் எடுத்தனுப்பிய ஒரு மட்டிக்கு, 1857இல் ஐசக் லீ என்ற அறிஞர் அவர் பெயரையே வைத்தார். ஹிகின்ஸ் கண் என்று இன்று அழைக்கப்படுகிறது. 1976இல் அது அழிவின் விளிம்பிலுள்ள உயிரினப் பட்டியலில் ஏறியது. அதை மீட்பதற்காக இன்று விஸ்கான்சின் மாநிலத்து ஜெனோவா மீன்பண்ணையில் செய்யும் வேலை, ஃபேர்போர்ட்டில் நூறாண்டுக்கு முன் செய்ததேதான்: வாளியில் மீன்கள், அவற்றின்மேல் ஊற்றப்படும் இளவுயிரி கலந்த நீர், பிறகு செவுளை விரலால் தூக்கி, வெண்புள்ளிகள் ஏறியிருக்கின்றனவா என்று உருப்பெருக்கியில் பார்ப்பது. ஏறியிருந்தால் அந்த மீன்களைக் கூண்டுகளில் அடைத்து ஆற்றில் இறக்குகிறார்கள். உதிரும் மட்டிகளை இம்முறை எவரும் வெட்டப்போவதில்லை.