மூக்கை அளந்தவர்களும் கூச்சத்தை அளப்பவர்களும்

தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்ட நேயர்களுக்கு வணக்கம்.

1901-இல் பிரிட்டிஷ் அரசு இந்தியாவில் இனவரைவியல் கணக்கெடுப்பை, அதாவது சாதிகளையும் பழங்குடிகளையும் பற்றிய பதிவை, தொடங்கியது. சென்னை மாகாணத்தில் அதைக் கவனித்தவர் அருங்காட்சியகக் கண்காணிப்பாளர் எட்கர் தர்ஸ்டன். மூக்கின் அகலத்தை அதன் நீளத்தால் வகுத்து 100-ஆல் பெருக்கி, கிடைத்த எண்ணை வைத்து மனிதர்களை வகைப்படுத்தினார்கள். உதவியாளர் ரங்காச்சாரியின் துணையோடு 1909-இல் தர்ஸ்டன் தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றி வெளியிட்ட ஏழு தொகுதிகளை இன்றும் மாணவர்கள் புரட்டுகிறார்கள்.

அந்த இடுக்கி அளவுகோல் ஒழிந்தது. ஆனால் 1965-இல் மத்திய அரசு அமைத்த லோகூர் குழு, ஒரு சமூகத்தைப் பழங்குடி என்று ஏற்க என்னென்ன பார்த்தது தெரியுமா? தொன்மைப் பண்புகள், தனித்த பண்பாடு, ஒதுங்கிய வாழிடம், வெளியாரோடு பழகக் கூச்சம், பின்தங்கிய நிலை. கூச்சம்! சித்தேரி மலையிலிருந்து அரூருக்கு வந்து படிக்கும் பிள்ளை கூச்சப்படாமல் பேசினால் பழங்குடி இல்லையா?

அரசின் பழங்குடியினர் பட்டியலில் 'மலையாளி' (கேரளத்தவர் அல்ல, நம் மலைகளில் வாழும் மக்கள்) என்ற பெயரோடு மாவட்டங்களையும் அச்சிட்டிருக்கிறார்கள். தருமபுரி, சேலம் உண்டு. ஈரோட்டுப் பர்கூர் மலை, நம் கிருஷ்ணகிரிப் பர்கூர் அல்ல, அதற்குள் வராததால் அங்குள்ள மலையாளிகள் நெடுங்காலமாகப் போராடுகிறார்கள்.

சாதிச் சான்று விசாரணையில் தெய்வம், திருமணமுறை, ஈமச்சடங்கு எல்லாம் கேட்கலாம் என்று 1994-இல் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியது. மண்டபத்தில் கல்யாணம் செய்த குடும்பத்துப் பிள்ளை இதில் திணறும். இந்தச் சோதனை ஒன்றையே வைத்து முடிவெடுக்கக் கூடாது என்று அதே நீதிமன்றம் 2023-இல் சொல்லியது பெரிய ஆறுதல்.

மக்களின் வாழ்வை ஆராயும் மானுடவியலைக் காலனியப் பிடியிலிருந்து விடுவிப்பது களத்தில்தான் தொடங்க வேண்டும். ஆய்வுக்காக மலைக்குப் போகும் மாணவர்களே, முதலில் ஊர்க்கூட்டத்தில் உங்கள் கேள்விகளை வாசித்துக் காட்டுங்கள். எது வேண்டாம் என்கிறார்களோ அதை அடித்துவிடுங்கள். சம்மதத்தைக் கைநாட்டாக வாங்காமல், அவர்கள் பேச்சிலேயே பதிவு செய்யுங்கள். ஊர்த் தலைவரான ஊர்க்கவுண்டரிடம் மட்டும் பேசித் திரும்பினால் விதைச் சாமையைக் காக்கும் பெண்களின் அறிவு விடுபட்டுப்போகும். பலரும் சறுக்குவது இங்கேதான். மூலிகை கிடைக்கும் இடத்தை ஆய்வேட்டில் எழுதவே வேண்டாம், வியாபாரி வந்து வேரோடு பிடுங்கிவிடுவான். எழுதி முடித்ததும் தமிழில் வாசித்துக் காட்டித் திருத்தம் கேளுங்கள். ஒலிப்பதிவின் ஒரு படியை மெமரி கார்டில் கொடுத்துவிட்டு வாருங்கள். அதைப் பள்ளியில் வைப்பதா, கோயிலில் வைப்பதா என்பதை ஊர் முடிவு செய்யட்டும்.