கிணற்றுப் படியில் தெரிந்த நொய்யல்

நேயர்களுக்கு வணக்கம்.

நொய்யலைப் பற்றிப் பேசப் போகிறேன் என்றதும் நண்பர் ஒருவர், "அது ஆறா, சாக்கடையா?" என்று கேட்டார். கோவையில் பஸ் பாலத்தைக் கடக்கும்போது மூக்கைப் பொத்திக்கொள்ளும் யாருக்கும் எழும் சந்தேகம்தான். அவர்மேல் எனக்குக் கோபமில்லை. ஆனால் நொய்யலைக் குளத்தங்கரையில் நின்று பார்க்க வேண்டும். இதை இன்று இரண்டு மூன்று முறை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வெள்ளியங்கிரிக்கு மலையேறியவர்களுக்குத் தெரிந்திருக்கும். மேலே மேகம் கவிந்து கிடக்கும். கீழே நகரத்தில் வெயில் காயும். கோவைக்கு ஆண்டு முழுவதும் கிடைப்பது சுமார் 600, 700 மில்லிமீட்டர் மழை. மலையில் அதைப்போலப் பல மடங்கு கொட்டும். அங்கிருந்து பெரியாறு, சின்னாறு என்று ஓடைகள் இறங்கி வருகின்றன. பெரியாறு என்றதும் கேரளத்துப் பெரியாற்றை நினைத்துவிடாதீர்கள். இது மழை நின்றால் முழங்காலுக்கும் வராது. ஓடைகள் கூடுமிடத்துக்குக் கூடுதுறை என்று பெயர். அதன்பின் நொய்யல் பேரூர், கோவை, சூலூர், திருப்பூர் என்று சுமார் 180 கிலோமீட்டர் கிழக்கே ஓடிக் காவிரியில் சேர்கிறது. பேரூர்ப் புராணத்தில் இதற்குக் காஞ்சிமாநதி என்று பெயர்.

ஆண்டில் சில மாதமே வெள்ளம் வரும் ஆறு இது. விட்டால் இரண்டு நாளில் காவிரிக்குப் போய்விடும். அதனால் முன்னோர் குறுக்கே தாழ்வாகக் கல் அணைக்கட்டுகளைக் கட்டினார்கள். வெள்ளத்தைத் தடுப்பது அவற்றின் வேலையன்று. கொஞ்சம் மட்டம் உயர்த்தி, பக்கத்து வாய்க்காலில் திருப்பிவிடும், மிச்சம் மேலே வழிந்து போய்விடும். சித்திரைச்சாவடி அணைக்கட்டிலிருந்து போகும் வாய்க்கால் நரசாம்பதி, கிருஷ்ணாம்பதி, செல்வாம்பதி, குமாரசாமி குளம் என்று ஒவ்வொன்றாக நிரப்பும். கீழே உக்கடம், வாலாங்குளம், குறிச்சி, வெள்ளலூர், சிங்காநல்லூர், சூலூர். ஒரு குளம் நிரம்பினால் கலிங்கு வழியாக வழிவது அடுத்த குளத்துக்கோ திரும்ப ஆற்றுக்கோ போகும். எதுவும் வீணாவதில்லை.

சூலூர்ப் பக்கம் எங்கள் தோட்டத்துக் கிணற்றில் கல்படிகள் உண்டு. கோடையில் நாற்பது படிக்குமேல் வெளியே தெரியும். ஆடி மாதத்தில் புதுத்தண்ணீர் வரும் நாளில் ஊரே குளத்துக்கு ஓடும். முதலில் வருவது தண்ணீர் என்றே தோன்றாது: சருகும் நுரையும், கருகிய குச்சிகளும், அவற்றின்மேல் தொற்றிக்கொண்ட எறும்புக் கூட்டமும் ஊர்ந்து வரும். பின்னால்தான் செம்மண் நிறத்தில் தண்ணீர். கலிங்கில் வழிந்தோடும்போது கெளுத்தி எதிர்நீச்சல் போட்டுத் துள்ளும். வேட்டியை விரித்துப் பிடிப்பார்கள். நான் இறங்கப் போனால் என் தாத்தா, "கண்ணு, அங்கே என்ன பார்க்கிறாய்? பத்து நாள் கழித்துக் கிணற்றைப் பார்" என்பார். பத்தாம் நாள் படிகளை எண்ணுவேன். ஆறு படி மறைந்திருக்கும். ஒரு மாதத்தில் பதினைந்து. கிணற்றுக்கும் குளத்துக்கும் இடையே அரை மைல் தூரம். இடையில் வாய்க்கால் ஒன்றுமில்லை. அந்தப் படிகளில்தான் நான் நொய்யலை முதன்முதலில் பார்த்தேன். நொய்யலைக் குளத்தங்கரையில் பார்க்கச் சொன்னேனே, கிணற்றடியையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பறவைகள் இதை நம்மைவிட நன்றாகப் புரிந்துகொண்டிருக்கின்றன. சிங்காநல்லூர்க் குளத்துக்கு ஒரு விடியற்காலையில் போய்ப் பாருங்கள். கூழைக்கடா கூட்டமாக மிதக்கும். நீலத் தாழைக்கோழி சம்புக்குள்ளிருந்து எட்டிப் பார்த்து, இரண்டடி வைத்து, மறுபடி உள்ளே ஓடும். பாம்புத்தாரா நீருக்குள் உடலை மறைத்துக் கழுத்தை மட்டும் நீட்டும். முதல்முறை பார்க்கிறவர் தண்ணீர்ப்பாம்பு என்றுதான் நினைப்பார். சுற்றிலும் லாரிச் சத்தம். ஒன்றும் அசைந்து கொடுப்பதில்லை.

ஆற்றின் பழமைக்கு வருகிறேன். சென்னிமலைக்கு மேற்கே, நொய்யலின் வடகரையில் கொடுமணல் இருக்கிறது. பதிற்றுப்பத்து கொடுமணம் என்று சொல்லும் ஊர் இதுவே என்பது ஆய்வாளர் கருத்து. 1985 முதல் நடந்த அகழாய்வுகளில் மணிகளும், மணி செய்யும் கற்களும், இரும்பு உருக்கிய உலைகளும், தமிழ் பிராமி எழுத்துள்ள பானை ஓடுகளும் கிடைத்தன. பக்கத்துப் படியூரில் கடல்வண்ணப் பச்சைக்கல் கிடைக்கும். மேற்கே பாலக்காட்டுக் கணவாய் வழியாக மேலைக்கடலுக்கு வணிகப் பாதை. வெள்ளலூரில் ரோமானிய வெள்ளிக்காசுகள் புதையலாகக் கிடைத்ததன் காரணம் இப்போது புரிகிறதா? மணி கோத்தவர் ஒருவர் தவறவிட்டதுபோல மண்ணில் கிடந்த அந்தச் சின்னக் கற்களைப் பற்றித் தனியாக ஓர் உரையே...

ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அப்பாலிருந்து இரண்டு விரலைக் காட்டுகிறார்கள். இரண்டே நிமிடம். யானைகளைப் பற்றிச் சொல்ல நினைத்ததை விட்டுவிடுகிறேன்.

திருப்பூருக்குக் கீழே நொய்யலின்மேல் இருக்கும் ஒரத்துப்பாளையத்தை மட்டும் விட முடியாது. பாசனத்துக்கென்று 1992இல் அங்கே அணை கட்டினார்கள். திருப்பூர்ச் சாயக்கழிவு அதில் வந்து தேங்கியது. தண்ணீர் கேட்க வேண்டிய விவசாயிகள், தண்ணீரைத் திறக்க வேண்டாம் என்று கெஞ்சினார்கள். 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்டது. கழிவுநீர் ஒரு சொட்டும் வெளியேறாமல் சுத்திகரிக்கும் முறை அதற்குப்பின்தான் பரவலாயிற்று. அந்தப் பக்கத்துக் கிணறுகளில் படிகள் மறைந்தபோதும் எண்ணி மகிழ யாருமில்லை, ஊறியது உப்பு.

காவிரியில் ஆறு கலக்கும் ஊருக்கும் நொய்யல் என்றே பெயர். வணக்கம்.