பிட்சரின் மட்டை: கைவந்த கலையே!

(பட்டிமன்றத் தலைப்பு: பேஸ்பாலில் பந்து வீசும் பிட்சர்கள் ஹோம் ரன் அடித்துப் படைத்த சாதனைகள் கைவந்த கலையா, குருட்டு அதிர்ஷ்டமா? 'கைவந்த கலையே' அணியின் உரை.)

நடுவர் அவர்களே, அவையோரே, எதிரணியில் உட்கார்ந்து என்னையே முறைத்துக்கொண்டிருக்கும் நண்பர்களே, வணக்கம்.

எனக்கு முன்னால் பேசிய நண்பர் மூன்று விஷயம் சொன்னார். 2021-இல் அமெரிக்க மேஜர் லீக் பிட்சர்கள் அத்தனை பேரையும் கூட்டிக் கழித்துப் பார்த்தால் பேட்டிங் சராசரி .110 தான், நூறு தடவை நின்றால் பதினோரு ஹிட், அதாவது அடித்துவிட்டு ஓடி முதல் பேஸ் என்ற நிறுத்தத்தையாவது பத்திரமாகப் பிடித்தது பதினோரு தடவை. இது ஒன்று. பிட்சர் பார்த்தோலோ கொலோன் 2016 மே மாதம், 43 வயதை எட்டப்போகிற நேரத்தில், சான் டியாகோவில் வாழ்நாளின் முதல் ஹோம் ரனை, அதாவது பந்து வேலியைத் தாண்டும் அடியை, அடித்தபோது ஊரே சிரித்தது. இது இரண்டு. 2022-இலிருந்து பிட்சர் மட்டை பிடிக்கவே வேண்டாம், அவருக்குப் பதிலாக அடிப்பதற்கென்றே ஓர் ஆள், அதாவது டெசிக்னேட்டட் ஹிட்டர், மேஜர் லீக்கின் இரு பிரிவான அமெரிக்கன் லீக், நேஷனல் லீக் இரண்டிலும் இறங்கலாம் என்று விதி வந்துவிட்டது. இது மூன்று. ஆகவே பிட்சர் அடித்ததெல்லாம் காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை என்று சொல்லிக் கைதட்டலும் வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

நடுவர் அவர்களே, கொலோனை அவர்களுக்கே கொடுத்துவிடுகிறேன். தலையில் நிற்காத ஹெல்மெட்டோடு நாலு பேஸையும் சுற்றிவர அரை நிமிடம் எடுத்துக்கொண்ட மனிதர் அவர். நானும் சிரித்தேன். ஒரு காக்கை, ஒரு பழம், ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் அதே காக்கை 38 தடவை உட்கார்ந்து 38 தடவையும் பழம் விழுந்தால்? அது காக்கை இல்லை ஐயா, பனையேறி!

வெஸ் ஃபெரெல் என்ற பிட்சர் அடித்தது 38 ஹோம் ரன். அதில் ஒன்று பிஞ்ச் ஹிட்டராக, அதாவது இன்னொருவருக்குப் பதிலாக இறங்கி அடித்தது; மீதி 37-உம் பந்து வீசிய ஆட்டங்களிலேயே. 1931 சீசனில் மட்டும் 9. பாப் லெமன் 37. வாரன் ஸ்பான் 35, அதுவும் தொடர்ச்சியாக 17 சீசன்களில் சீசனுக்கு ஒன்றாவது தப்பாமல். இந்த ஸ்பானிடம் ஒரு வேடிக்கை உண்டு. பிட்சராக வென்ற ஆட்டங்கள் 363, மட்டையால் அடித்த ஹிட்களும் 363! டான் டிரைஸ்டேல் 29 அடித்தார். 1965-இல் அவர் சராசரி.300. அந்த ஆண்டு சாம்பியன் ஆன டாட்ஜர்ஸ் அணியில் .300-ஐத் தொட்ட ஒரே ஆள் இந்தப் பிட்சர்தான். அதிர்ஷ்டம் என்றால் ஆளுக்கொன்றாகச் சிதறி விழுந்திருக்க வேண்டும். திரும்பத் திரும்ப இந்தச் சில பேர் வீட்டு வாசலில் மட்டுமே ஏன் வந்து நிற்கிறது?

ஒரே ஒரு ஆட்டத்தைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம். 1966 ஜூலை 3, சான் பிரான்சிஸ்கோவின் கேண்டில்ஸ்டிக் பார்க். அட்லாண்டா பிரேவ்ஸ் பிட்சர் டோனி க்ளோனிங்கர். முதல் இன்னிங்ஸிலேயே மூன்று பேஸிலும் ஆள் நிற்க, எதிரே வீசுபவர் பாப் பிரிடி. அப்போது ஒரு ஹோம் ரன், அதற்குப் பெயர் கிராண்ட் ஸ்லாம், நாலு ரன். நான்காம் இன்னிங்ஸில் மறுபடியும் மூன்று பேஸும் நிரம்புகிறது. இப்போது வீசுவது வேறு ஆள், இடது கைக்காரர் ரே சடெக்கி. அவரையும் வேலிக்கு அப்பால் அனுப்பினார், இன்னொரு நாலு. எட்டாவதில் ஒரு பேஸ் மட்டும் ஓடும் சிங்கிள், ஒரு ரன். ஆக ஒரு பிட்சர் தன் மட்டையால் கொண்டுவந்தது 9 ரன். பிரேவ்ஸ் 17-3 என்று ஜெயித்தது, ஒன்பது இன்னிங்ஸையும் அவரே வீசி முடித்தார். ஒரே ஆட்டத்தில் இரண்டு கிராண்ட் ஸ்லாம் என்பதை நேஷனல் லீக்கில் அதுவரை எந்தப் பேட்டரும் செய்ததில்லை. பிட்சர்களில் இன்றுவரை வேறு யாருமே செய்ததில்லை.

இங்கே எதிரணி நண்பர் ஒரு குறுக்குக் கேள்வி போட்டார்: "பிட்சர்தானே, இவன் என்ன அடிக்கப்போகிறான் என்று எதிராளி நடு மத்தியில் லட்டு மாதிரிப் போடுவான், இவன் சுற்றுவான், பட்டுவிடும்." சரி, அந்த லட்டையே பார்ப்போமே. பிட்சர் நின்று வீசும் மேட்டுக்கும் பேட்டர் நிற்கும் ஹோம் பிளேட்டுக்கும் 60 அடி 6 அங்குலம். கை நீட்டி முன்னால் வந்து விடுவதால் பந்து உண்மையில் கடப்பது 55 அடிதான். மணிக்கு 150 கி.மீ. வேகத்தில் வந்தால் 0.4 விநாடியில் வந்து சேர்ந்துவிடும். மட்டையைச் சுற்றவே அதில் 0.15 விநாடி போய்விடும். மிச்சத்தில்தான் பார்த்து, முடிவெடுத்து, காலை ஊன்ற வேண்டும். மட்டையின் தடிமன் அதிகபட்சம் 2.61 அங்குலம், பந்தின் குறுக்களவு சுமார் 2.9. இரண்டுமே உருண்டை. அரை அங்குலம் கீழே பட்டால் பந்து செங்குத்தாக மேலே போய்க் கேட்ச், அரை அங்குலம் மேலே பட்டால் தரையில் உருளும். வேலியைத் தாண்ட வேண்டுமென்றால் மட்டையிலிருந்து மணிக்கு 160 கி.மீ. அளவில், 25 முதல் 30 டிகிரி கோணத்தில் கிளம்ப வேண்டும். இதெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு சுற்றினால் நடக்கிற காரியமா?

பிட்சருக்கு இந்த வலு எங்கிருந்து வருகிறது? வீசும்போது பின்கால் தள்ளுகிறது, முன்கால் ஊன்றுகிறது, இடுப்பு முதலில் திரும்புகிறது, அப்புறம் நெஞ்சு, அப்புறம் தோள், கடைசியாகக் கை. சாட்டையின் பிடியில் தொடங்கிய அசைவு நுனியில் வெடிக்கிற மாதிரி. மட்டை சுற்றுவதும் இதே வரிசைதான்! தோள் அவசரப்பட்டு இடுப்புக்கு முன்னால் திறந்துவிட்டால் பந்து வீசுபவருக்கும் வேகம் போகும், அடிப்பவருக்கும் வேகம் போகும். ஆக, உடம்பு ஏற்கெனவே பழகிய வேலை. பழகாமல் கிடப்பது கண்ணும் நேரக்கணக்கும்.

இப்போது அந்த .110-க்கு வருகிறேன். ஏன் அவ்வளவு குறைவு? 2022 விதிக்கு முன்பு நடந்ததைச் சொல்கிறேன். ஆட்டத்தைத் தொடங்கி வைக்கும் பிட்சர் ஐந்து நாளுக்கு ஒருமுறைதான் களம் இறங்குவார். ஆட்டத்துக்கு இரண்டு, மூன்று தடவை மட்டை. சீசன் முழுக்க எழுபது தடவை கிடைத்தால் பெரிது. தினமும் ஆடும் பேட்டருக்கு அறுநூறு. அந்த எழுபதிலும் முதல் பேஸில் ஆள் இருந்தால் "பந்தைச் சும்மா தட்டி வை, அவன் ஒரு பேஸ் முன்னே போகட்டும்" என்று பன்ட் செய்யச் சொல்லிவிடுவார் மேனேஜர். இரண்டு பேர் அவுட், பேஸ் காலி என்றால் "சுற்றாதே, கையைப் பார்த்துக்கொள்" என்பார். ஸ்கூலில் அணியின் மிகச் சிறந்த பேட்டராக இருந்த பையன், மேஜர் லீக்குக்கு ஆள் தயாராகும் மைனர் லீக்கின் கீழ்ப்படிகளில் நுழைந்ததுமே மட்டையை வைத்துவிடுவான். அங்கேயெல்லாம் அடிக்க வேறு ஆள். அதன் மேல்படிகளான டபுள்-ஏ, டிரிபிள்-ஏ போனாலும் இரண்டு அணியும் நேஷனல் லீக்கின் கிளை அணிகளாக இருந்த அன்றைக்குத்தான் பிட்சர் கையில் மட்டை. மூன்று நான்கு வருடம் கழித்து மேஜர் லீக்குக்கு வந்து 150 கி.மீ. பந்தைப் பார்க்கிறான். பயிற்சிக் கூண்டில் அதிகம் அடித்தால் விரலில் கொப்புளம் வரும், பிட்சரின் விரல் தோல்தான் அவன் மூலதனம் என்று கோச் அதையும் நிறுத்திவிடுவார். அரிவாளைப் பரணில் போட்டுத் துருப்பிடிக்க விட்டுவிட்டு, இது கதிர் அறுக்காது என்று தீர்ப்பு சொல்வது எந்த ஊர் நியாயம் ஐயா?

பரணில் போடாத அரிவாள் எப்படி அறுத்தது என்றும் பாருங்கள். அமெரிக்காவில் கறுப்பின ஆட்டக்காரர்களை மேஜர் லீக்கில் சேர்க்காத காலத்தில் அவர்கள் ஆடிய நீக்ரோ லீக்குகளில் அணிக்கு ஆட்கள் குறைவு. பந்து வீசாத நாளிலும் பிட்சர் வேறு இடத்தில் நின்று ஆட வேண்டும், மட்டை பிடிக்க வேண்டும். விளைவு? கன்சாஸ் சிட்டி மொனார்க்ஸ் அணியின் புல்லட் ரோகன் பந்து வீச்சிலும் முதல் வரிசை, பேட்டிங்கிலும் முதல் வரிசை. கியூபாவின் மார்ட்டின் டிஹிகோ 1938-இல் மெக்சிகோ லீக்கில் 18 ஆட்டம் வென்று 2 தோற்றார், அதே சீசனில்.387 சராசரியோடு பேட்டிங்கிலும் முதலிடம். பேப் ரூத்தும் 1918-இல் பாஸ்டனுக்காக 13 ஆட்டம் வென்றுகொண்டே 11 ஹோம் ரன் அடித்து லீக்கில் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டவர்தான். வாய்ப்பு கொடுத்த இடத்திலெல்லாம் பிட்சர் அடித்திருக்கிறார்.

எதிரணியின் மூன்றாவது வாதம், விதி. பிட்சர் அடிக்கத் தெரியாதவர் என்பதற்கு அந்த விதியே சாட்சி என்றார் நண்பர். அது பாதி உண்மைதான். மறு பாதி பயம். 2008-இல் யாங்கீஸ் அணிப் பிட்சர் சியென்-மிங் வாங், ஹூஸ்டனில் பேஸ் ஓடும்போது பாதத்தில் பலத்த காயம் பட்டுக்கொண்டார். 2015-இல் ஆடம் வெயின்ரைட் அடித்துவிட்டு ஓடக் காலெடுத்து வைத்தபோது குதிகால் தசைநார் போனது. 2017-இல் ஜிம்மி நெல்சன் நன்றாக அடித்துவிட்டு முதல் பேஸுக்குத் திரும்பிப் பாய்ந்ததில் வீசும் தோளே கிழிந்து, 2018 முழுக்க ஆடவில்லை. கோடிக்கணக்கில் சம்பளம் கொடுக்கும் முதலாளி என்ன செய்வார்? கையில் மட்டையே கொடுக்காதே என்பார். இதில் காப்பீட்டுக் கணக்கும் கலந்திருக்கிறது நடுவர் அவர்களே.

சொல்லப்போனால் நல்ல அடிகாரப் பிட்சர்களே இந்த ஆபத்தை மடியில் கட்டிக்கொண்டுதான் நின்றார்கள். மேடிசன் பம்கார்னர் வீசுவது இடது கையால், மட்டை பிடிப்பது வலப்பக்கம். அப்படி நின்றால் வீசும் கைதான் பந்துக்கு முன்னால் நிற்கும்! அந்தக் கையை நீட்டிக்கொண்டே 2014-இல் ஒரே சீசனில் இரண்டு கிராண்ட் ஸ்லாம், 2017 சீசனின் முதல் நாள் ஆட்டத்தில் இரண்டு ஹோம் ரன். முதல் நாளில் இரண்டு அடித்த பிட்சர் அவருக்கு முன் யாருமில்லை. வீசவும் அடிக்கவும் செய்யும் ஜப்பான் வீரர் ஓதானிக்கும் இதே நிலைதான், பக்கம் மட்டும் மாறும்: வீச்சு வலது, மட்டை இடது. அவர் வலது முழங்கையில் பருமனான ஒரு காப்பு மாட்டியிருப்பார், கவனித்திருப்பீர்கள். அழகுக்கு இல்லை அது.

அந்த ஷோஹெய் ஓதானியைப் பற்றி எதிரணி வாயே திறக்கவில்லை. திறந்தால் விதிப் புத்தகம் கடிக்கும்! பிட்சர் அடிக்க வேண்டாம் என்று சொன்ன அதே 2022-இல், தொடக்கப் பிட்சர் மேட்டை விட்டு இறங்கிய பிறகும் அடிப்பவராகத் தொடரலாம் என்று கூடவே ஒரு விதி எழுதினார்கள். ஒரு மனிதருக்காக. குருட்டு அதிர்ஷ்டத்துக்கு யாராவது விதி எழுதுவார்களா? அந்த சீசனில் அவர் 166 இன்னிங்ஸ் வீசி 219 ஸ்ட்ரைக் அவுட், அதாவது பந்தை அடித்து ஆட விடாமலே அவுட்; 15 வெற்றி. கூடவே 34 ஹோம் ரன்.

2025 அக்டோபர் 17. லாஸ் ஏஞ்சலீஸில் மில்வாக்கிக்கு எதிரான நேஷனல் லீக் இறுதித் தொடரின் நான்காவது ஆட்டம். முதல் ஆளுக்கு ஓதானி வாக், அதாவது நான்கு தவறான பந்து வீசி இலவசமாக முதல் பேஸ், கொடுத்தார், அடுத்த மூன்று பேரையும் ஸ்ட்ரைக் அவுட் செய்தார். மேட்டிலிருந்து இறங்கினார், ஹெல்மெட் மாட்டினார், தன் அணியின் முதல் பேட்டராகப் போய் 446 அடி ஹோம் ரன். நான்காம் இன்னிங்ஸில் வலப்பக்க ஸ்டாண்டின் கூரையைத் தாண்டி 469 அடி. ஏழாவதில் 427. பந்து வீச்சில் ஆறு இன்னிங்ஸ், ஒரு ரன்கூடக் கொடுக்காமல், 10 ஸ்ட்ரைக் அவுட். டாட்ஜர்ஸ் 5-1. மூன்று ஹோம் ரனும் மூன்று வெவ்வேறு பிட்சர்களிடம். ஒரு பனையில்லை, மூன்று பனை!

நடுவர் மணியில் கை வைத்துவிட்டார். அடுத்து வரும் எதிரணி நண்பருக்கு ஒரே ஒரு கேள்வி வைத்துவிட்டு உட்கார்ந்துவிடுகிறேன். முதலில் சொன்ன வெஸ் ஃபெரெலுக்கு ஓர் அண்ணன் உண்டு, ரிக் ஃபெரெல். கேட்சர், அதாவது பிட்சர் வீசுவதைப் பிடிப்பவர்; 18 சீசன் ஆடி பேஸ்பாலின் புகழ் மண்டபமான ஹால் ஆஃப் ஃபேமில் இடம் பிடித்தவர். 1931 ஏப்ரல் 29-இல் தம்பி கிளீவ்லாந்துக்கு, ஒரு ஹிட்கூடக் கொடுக்காத நோ-ஹிட்டர் வீசுகிறார், அண்ணன் எதிரணியான செயின்ட் லூயிஸில். அண்ணன் அடித்த தரைப் பந்து ஒன்று ஹிட் ஆகியிருக்கும். ஷார்ட் ஸ்டாப் என்ற தடுப்பாட்டக்காரரின் பிழை என்று எழுதியதால் தம்பி தப்பினார். அதே ஆட்டத்தில் தம்பி ஒரு ஹோம் ரனும் அடித்தார். அண்ணன் ஆறாயிரம் தடவைக்கு மேல் மட்டை பிடித்து வாழ்நாளில் அடித்தது 28 ஹோம் ரன். தம்பி ஆயிரத்து இருநூறு தடவைகூடப் பிடிக்கவில்லை, அடித்தது 38. ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள் ஐயா. தினமும் ஆடிய அண்ணனை விட்டுவிட்டு, அந்த அதிர்ஷ்டம் தம்பியை மட்டும் தேடி 38 தடவை வந்தது எப்படி?

நன்றி, வணக்கம்.