கிரெட்ஸ்கியால் முடியாதது பிரிண்டமோரால் எப்படி முடிந்தது?

அடுத்த கேள்வியை அப்படியே படிக்கிறேன். "ஐஸ் ஹாக்கியில் வேய்ன் கிரெட்ஸ்கிக்கு மேல் ஆள் கிடையாது என்கிறீர்கள். ஆனால் கோச்சாக வந்தபோது அவரால் ஒன்றும் செய்ய முடியவில்லை. கரோலினா ஹரிகேன்ஸ் அணியின் ராட் பிரிண்டமோர் மட்டும் எப்படி ஜெயிக்கிறார்? ஆட்டக்காரராக இருந்தவர் கோச் ஆவதற்கு என்னதான் வேண்டும்?"

முதலில் கிரெட்ஸ்கி விஷயத்தை முடித்துவிடுகிறேன். வட அமெரிக்காவின் பெரிய ஐஸ் ஹாக்கி லீக்கான என்.எச்.எல்.லில் அவர் எடுத்தது 894 கோல், 1,963 அசிஸ்ட், அதாவது மற்றவர் கோல் போடப் பக்கைத் தள்ளிக் கொடுத்தது. பக் என்பது இந்த ஆட்டத்தில் பந்துக்குப் பதிலாக இருக்கும் ரப்பர் வட்டு. கோல் சாதனையை 2025 ஏப்ரலில் வாஷிங்டன் அணியின் ஒவெச்கின் தாண்டிவிட்டார். ஆனால் கிரெட்ஸ்கியின் அசிஸ்ட் கணக்கு மட்டுமே மற்ற எவருடைய கோலும் அசிஸ்டும் சேர்ந்த மொத்தத்தை விடப் பெரியது. அப்பேர்ப்பட்ட மனிதர் 1999இல் ஓய்வு பெற்று, 2005இல் நேராக ஃபீனிக்ஸ் கயோட்டீஸ் அணியின் தலைமை கோச்சாக வந்து நின்றார். இடையில் உதவி கோச்சாகவோ, சின்ன லீக்கில் கோச்சாகவோ இருந்ததில்லை. போதாததற்கு அணியின் உரிமையிலும் அவருக்குப் பங்கு இருந்தது. நான்கு சீசனில் 143 வெற்றி, 161 தோல்வி, கூடுதல் நேரத்தில் 24 தோல்வி. சீசன் முடிவில் கோப்பைக்காக நடக்கும் பிளேஆஃப் சுற்றுக்கு ஒரு தடவைகூட போகவில்லை. 2009இல் அணியே திவாலாகி நீதிமன்றத்தில் நின்றபோது விலகிவிட்டார்.

அணியில் பணம் இல்லை, நல்ல ஆட்டக்காரர்கள் இல்லை, அவரை ஏன் குறை சொல்ல வேண்டும் என்று நீங்கள் கேட்கலாம். நியாயம்தான். ஆனால் அவர் போன பிறகு அதே அணிக்கு டேவ் டிப்பெட் என்பவர் கோச்சாக வந்தார். உரிமையாளர் யார் என்றே தெரியாத அந்த நிலைமையிலும் அடுத்த சீசனில் 50 வெற்றி, 107 புள்ளி, பிளேஆஃப். லீக்கின் சிறந்த கோச்சுக்கான ஜாக் ஆடம்ஸ் விருதும் அவருக்குக் கிடைத்தது. இந்த டிப்பெட் ஆட்டக்காரராக இருந்தபோது பெரிய நட்சத்திரம் இல்லை. ஹார்ட்ஃபோர்ட் வேலர்ஸ் அணியில் எதிரணியின் கோலைத் தடுக்கும் வேலைக்கென்றே களத்தில் இறக்கப்பட்ட ஃபார்வர்ட்.

அந்த வேலர்ஸ் அணிதான் 1997இல் வட கரோலினாவுக்குக் குடிபெயர்ந்து ஹரிகேன்ஸ் என்று பெயர் மாற்றிக்கொண்டது. இனி பிரிண்டமோருக்கு வருவோம்.

கனடாவின் ஒட்டாவாவில் 1970இல் பிறந்தவர், வளர்ந்தது பிரிட்டிஷ் கொலம்பியாவில். இளம் ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், 1988இல் செயின்ட் லூயிஸ் புளூஸ் அணி 9ஆவது ஆளாக எடுத்தது. அதற்குப் பிறகு மிச்சிகன் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் ஒரு வருடம் ஆடினார். 1991இல் ஃபிலடெல்ஃபியா ஃபிளையர்ஸுக்கு மாற்றப்பட்டார். அங்கே தொடர்ந்து 484 ஆட்டம், ஒன்றைக்கூட விடாமல் ஆடினார். ஐஸ் ஹாக்கி எப்படிப்பட்ட விளையாட்டு என்று தெரியும் இல்லையா? பல் போகும், விரல் உடையும், முழு வேகத்தில் வருகிற ஆள் உங்களைச் சுவரோடு வைத்து மோதுவார். அதில் 484 என்பது சும்மா இல்லை. கால் எலும்பு முறிந்ததால்தான் அது நின்றது. 2000 ஜனவரியில் கீத் பிரிமோவுக்குப் பதிலாக அவரைக் கரோலினாவுக்கு அனுப்பிவிட்டார்கள். மொத்தம் 20 சீசன், 1,484 ஆட்டம், 452 கோல், கோலும் அசிஸ்டும் சேர்த்து 1,184 புள்ளி.

புள்ளிகளைப் பார்த்தால் கிரெட்ஸ்கியின் பாதிகூட இல்லை. ஆனால் அவர் எந்த மாதிரி ஆட்டக்காரர் என்பதைப் பாருங்கள். அவர் சென்டர். ஐஸ் ஹாக்கியில் சென்டர் என்றால் முன்னால் போய் கோல் அடிப்பதோடு முடியாது. பக் நம் பக்கம் வந்துவிட்டால் தடுப்பாட்டக்காரர்களோடு சேர்ந்து கோல் வாசல் வரை இறங்கி நிற்க வேண்டும். நடுவர் பக்கைக் கீழே போடும்போது அதை முதலில் எடுப்பதற்கான ஃபேஸ்-ஆஃபும் அவர் வேலை. பிரிண்டமோர் அதில் கெட்டிக்காரர், 2005-06 சீசனில் நூற்றுக்கு ஏறக்குறைய 59 ஃபேஸ்-ஆஃப்களை ஜெயித்தார். 60 நிமிட ஆட்டத்தில் சராசரியாக 24 நிமிடத்துக்கு மேல் அவர் பனியில் இருந்தார், அதுவும் 35 வயதில். தற்காப்பில் சிறந்த ஃபார்வர்டுக்கான செல்கி விருதை 2006, 2007 என்று அடுத்தடுத்து வாங்கினார். ஆட்டம் முடிந்த இரவிலும் எடை தூக்கப் போகிற ஆள் என்பது அந்த ஊரில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம்.

கிரெட்ஸ்கி பார்ப்பதை மற்றவர்கள் பார்க்க முடியாது. பக் எங்கே வரப்போகிறது என்று அவருக்கு முன்கூட்டியே தெரியும், ஆனால் அது எப்படித் தெரிகிறது என்று நான்காவது வரிசையில் ஆடுகிற ஒரு சாதாரண ஆளுக்கு அவர் எப்படிச் சொல்லிக் கொடுப்பார்? பிரிண்டமோர் செய்தது எல்லாம் சொல்லித்தரக்கூடியது. ஃபேஸ்-ஆஃபில் கையை எங்கே வைப்பது, எப்போது திரும்பி ஓடி வருவது, எதிராளிக்கும் நம் கோலுக்கும் நடுவே எப்படி நிற்பது. என்னைக் கேட்டால் வித்தியாசம் இங்கேதான் ஆரம்பிக்கிறது.

ஆனால் அங்கேயே முடிந்துவிடவில்லை. 2006இல் கரோலினாவின் கேப்டனாக, லீக் சாம்பியனுக்கான ஸ்டான்லி கோப்பையைத் தூக்கினார். எட்மன்டனுக்கு எதிரான அந்த இறுதித் தொடரின் முதல் ஆட்டத்தில் 0-3 என்று பின்தங்கியிருந்தார்கள். முதல் கோலைப் போட்டு அணியை எழுப்பியதும் பிரிண்டமோர், அரை நிமிடம் மிச்சம் இருக்கும்போது வெற்றிக் கோலைப் போட்டதும் பிரிண்டமோர். ஏழாவது ஆட்டம் வரை போய் ஜெயித்தார்கள். அதற்கு முன் இரண்டு தடவை இறுதித் தொடர் வரை போய்த் தோற்றிருந்தார். 1997இல் ஃபிலடெல்ஃபியாவுக்காக, 2002இல் கரோலினாவுக்காக. இரண்டு முறையும் தோற்கடித்தது டெட்ராய்ட். இரண்டு முறையும் டெட்ராய்டின் கோச் ஸ்காட்டி போமன்.

இந்தப் போமனைப் பற்றிச் சொல்லாமல் தாண்ட முடியாது. கோச்சாக ஒன்பது ஸ்டான்லி கோப்பை, லீக்கில் 1,244 வெற்றி. என்.எச்.எல். ஆட்டக்காரராக எத்தனை ஆட்டம்? ஒன்றுகூட இல்லை. 1952இல் ஜூனியர் ஆட்டம் ஒன்றில் தலையில் ஸ்டிக் அடி வாங்கி, அதோடு பெரிய ஆட்டக்காரர் ஆகிற கனவு போயிற்று. அடித்தவர் ஜான்-கீ டால்போ. பின்னாளில் அதே டால்போ செயின்ட் லூயிஸ் அணியில் போமனுக்குக் கீழேயே ஆடினார் என்பது தனிக் கதை. ஆக, பெரிய ஆட்டக்காரராக இருந்தால்தான் கோச் ஆக முடியும் என்பது அப்போதே அடிபட்டுப்போன வாதம்.

சரி, பிரிண்டமோர் 2010இல் ஓய்வு பெற்றார். 2011 பிப்ரவரியில் அவருடைய 17ஆம் எண் ஜெர்சியை அரங்கத்தின் கூரையில் ஏற்றினார்கள், இனி அந்த எண்ணை யாரும் அணிய முடியாது. அந்த ஊரில் அவருக்கு என்ன கேட்டாலும் கிடைத்திருக்கும். அவர் போய் உட்கார்ந்தது உதவி கோச் நாற்காலியில். 2011 முதல் 2018 வரை, பால் மோரிஸ், கர்க் முல்லர், பில் பீட்டர்ஸ் என்று மூன்று தலைமை கோச்சுகளுக்குக் கீழே ஏழு சீசன். அந்த ஏழு சீசனிலும் அணி ஒரு தடவைகூட பிளேஆஃப் போகவில்லை!

இந்த ஏழு வருடத்தைத்தான் எல்லோரும் ஒரே வரியில் தாண்டிப் போகிறார்கள். ஒரு ஆட்டத்துக்கு 18 ஆட்டக்காரர்களும் 2 கோல்கீப்பர்களும் உடை மாட்டுவார்கள். ஃபார்வர்டுகள் மூன்று மூன்று பேராக நான்கு வரிசை, தடுப்பாட்டக்காரர்கள் மூன்று ஜோடி. ஒவ்வொரு வரிசையும் முக்கால் நிமிடம் போல ஆடிவிட்டு பெஞ்சுக்கு வந்துவிடும், ஆட்டம் நிற்காமலே அடுத்த வரிசை குதிக்கும். யாருக்கு எதிராக யாரை இறக்குவது என்பதை அந்தச் சில நொடிகளில் முடிவு செய்ய வேண்டும். ஆட்டம் நின்றிருக்கும்போது கடைசியாக ஆள் மாற்றும் உரிமை உள்ளூர் அணிக்கு, அதனால் வெளியூர் போனால் கணக்கு வேறு. ஆட்டக்காரராக இருக்கும்வரை உங்கள் முக்கால் நிமிடம்தான் உங்களுக்குத் தெரியும். மற்றவர்களின் முக்கால் நிமிடங்களைப் பார்க்கப் பழகுவது தனி வேலை. அதைத் தோற்கிற அணியில் இருந்து கற்றுக்கொண்டால் எங்கெங்கே ஓட்டை விழுகிறது என்று மனப்பாடமாகிவிடும். கிரெட்ஸ்கிக்குக் கிடைக்காதது இந்தப் படிப்புதான். கிடைக்கவில்லை என்பதை விட, அது தேவை என்று அவரிடம் யாரும் சொல்லத் துணியவில்லை என்று நான் நினைக்கிறேன்.

2018 மே மாதம் தலைமை கோச் ஆனார். முதல் சீசனிலேயே 2009க்குப் பிறகு பிளேஆஃப். முந்தைய வருடச் சாம்பியன் வாஷிங்டனை ஏழாவது ஆட்டத்தில், இரண்டாவது கூடுதல் நேரத்தில் வீழ்த்தினார்கள். அப்போது கேப்டன் யார் தெரியுமா? ஜஸ்டின் வில்லியம்ஸ், 2006இல் இவரோடு சேர்ந்து கோப்பை ஜெயித்தவர். கூட ஆடிய நண்பனை பெஞ்சில் இருந்து அதட்டுவது எளிதான காரியம் இல்லை. ஆனால் தான் செய்யாத எதையும் பிரிண்டமோர் கேட்கவில்லை, அது அவனுக்கும் தெரியும். பாதி அதிகாரம் அதிலிருந்தே வந்துவிடுகிறது. 2021இல் ஜாக் ஆடம்ஸ் விருது இவருக்கும் கிடைத்தது. அந்த வருடம் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கும்போது, தன் உதவியாளர்களுக்கும் சரியாகச் செய்ய வேண்டும் என்று நின்றார் என்று செய்திகள் வந்தன. ஏழு வருடம் அந்த நாற்காலியில் இருந்தவர் ஆயிற்றே.

அவருடைய கோச்சிங்கை ஒரே ஆட்டத்தில் பார்க்க வேண்டுமானால் 2020 பிப்ரவரி 22, டொரன்டோ. கரோலினாவின் இரண்டு கோல்கீப்பர்களும் காயம்பட்டு வெளியேறிவிட்டார்கள். அப்படி ஆனால் அரங்கத்தில் தயாராக இருக்கும் அவசரக் கோல்கீப்பரை இறக்கலாம் என்று விதி. இறங்கியவர் டேவிட் ஏர்ஸ், வயது 42, ஐஸைச் சமப்படுத்தும் ஸம்போனி வண்டியை ஓட்டியவர், தாயிடமிருந்து சிறுநீரகம் பெற்றவர். வந்த முதல் இரண்டு ஷாட்டும் உள்ளே போயின. அப்புறம் என்ன நடந்தது? டொரன்டோவை ஷாட் அடிக்கவே விடாமல் கரோலினா ஆட்டக்காரர்கள் மறித்தார்கள். அவருக்கு வந்தது மொத்தமே 10 ஷாட், மீதி எட்டையும் பிடித்தார். 6-3 வெற்றி. எல்லோரும் ஏர்ஸைக் கொண்டாடினார்கள், கொண்டாட வேண்டியதுதான். ஆனால் கோல்கீப்பர் இல்லாத அணி போல ஆட வேண்டிய நேரத்தில் பதறாமல் ஆட ஓர் அணிக்குத் தெரிந்திருந்தது பாருங்கள், அது தினசரிப் பயிற்சியில் வந்தது.

இதற்கு எதிரான உதாரணமும் இருக்கிறது, மறைக்கக் கூடாது. மார்ட்டின் செயின்ட் லூயி, லீக்கின் மதிப்புமிக்க ஆட்டக்காரருக்கான ஹார்ட் கோப்பையை 2004இல் வாங்கிய நட்சத்திரம். பிள்ளைகளின் அணிகளுக்குக் கோச்சாக இருந்த அனுபவத்தோடு 2022இல் நேராக மான்ட்ரியால் கனேடியன்ஸ் கோச்சாக வந்தார், 2025இல் அணியை பிளேஆஃபுக்குக் கொண்டுபோனார். ஆனால் அவரும் டிராஃப்டில் யாரும் எடுக்காத, குள்ளம் என்று ஒதுக்கப்பட்ட ஆள். எதையும் யோசித்து யோசித்தே கற்றவர். அதனால் என் கருத்தை அவர் முழுக்க உடைத்துவிடவில்லை, கொஞ்சம் ஆட்டிவிட்டார் என்று வேண்டுமானால் சொல்லலாம்.

கேள்வியில் "ஜெயிக்கிறார்" என்று எழுதியிருக்கிறீர்கள். அதையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். 2025 வரையிலான கணக்கில், 2019, 2023, 2025 என்று மூன்று தடவை கிழக்குப் பிரிவு இறுதித் தொடர் வரை, அதாவது ஸ்டான்லி கோப்பை இறுதிக்கு முந்தைய கட்டம் வரை, அணியைக் கொண்டுவந்தார். முதல் இரண்டிலும் 0-4, மூன்றாவதில் 1-4. பதின்மூன்று ஆட்டத்தில் ஒரே வெற்றி. எல்லோரும் ஒரே மாதிரி உழைக்கிற அணி லீக்கில் அதிக வெற்றி எடுக்கும், ஆனால் மே மாதக் கடைசியில் கோல் வராமல் தவிக்கும்போது கிரெட்ஸ்கி மாதிரி ஒருவர் பனியில் இருந்தால் நன்றாக இருக்கும் என்று தோன்றும். பனியில்தான், பெஞ்சுக்குப் பின்னால் அல்ல. சரி, அடுத்த கேள்விக்குப் போகலாம்.