புளித்த மழை

அவையோருக்கு வணக்கம்.

கொழும்பையும் யாழ்ப்பாணத்தையும் இணைக்கும் யாழ்தேவி ரயில் 1956 ஏப்ரல் 23ஆம் திகதி ஓடத் தொடங்கியது. 1990இல் போரால் வடக்குப் பாதை அறுந்தது. வன்னியில் தண்டவாளங்களும் சிலிப்பர் கட்டைகளும் பதுங்குகுழிகளுக்குக் கூரையாகின. கிளிநொச்சிக்கு ரயில் திரும்பி வர 2013 செப்டெம்பர் ஆயிற்று. இடையில் பிறந்த எங்கள் பிள்ளைகள் தண்டவாளத்தை அறிந்தது தலைக்கு மேல்தான். ஆகவே, ரயில் பெட்டிக்குள் எழுந்த சிரிப்பை நான் சின்ன விஷயமாக எண்ணுவதில்லை.

ஓர் ஆவணி விடுமுறை. பள்ளிக்கூட லீவும் நல்லூர்த் திருவிழாவும் சேர்ந்த நெரிசல். கால் மாற்றி வைக்கவும் இடமில்லை. அநுராதபுரத்தில் ஏறிய அம்மா ஒருவர் தயிர்ச் சட்டியைத் துணியில் கட்டி மேல்தட்டில் வைத்தார். ஓமந்தை தாண்டியதும், அதன்கீழ் நித்திரையில் இருந்த ஐயாவின் தலையில் ஒரு சொட்டு விழுந்தது. துடைத்தார். மற்றொன்று. கண் விழித்து ஜன்னலைப் பார்த்தார். வெளியே புளியங்குளத்து வெயில் கொளுத்தியது. "காட்டு மழை இப்படித்தான், ஒரு பக்கம் பெய்யும்" என்று பக்கத்தில் இருந்தவர் தீர்ப்புச் சொன்னார். அவர் மடியில் இருந்த சிறுவன் ஐயாவின் தோளில் விரல் வைத்து, நக்கிப் பார்த்தான்.

"அப்பா, மழை புளிக்கிறது!"

பெட்டி முழுவதும் குலுங்கியது. அம்மா பதறி எழுந்து, "ஐயோ அண்ணா, மன்னித்துக்கொள்ளுங்கள்" என்று முந்தானையால் அவர் தலையைத் துடைத்தார். ஐயா தலையைக் குனிந்து கொடுத்தபடி கேட்டார்: "சட்டியில் மிச்சம் இருக்கிறதா, பிள்ளை?"

மிச்சம் இருந்தது. யாரோ சீனி எடுத்தார்கள். தண்ணீர்ப் போத்தல் மூடிகளே கிண்ணங்களாயின. அந்த ருசி இன்றும் என் நாவில் நிற்கிறது.

முறிகண்டிப் பிள்ளையார் கோயில் நெருங்கியது. வன்னியான் வேறெதை மறந்தாலும் அந்தப் பிள்ளையாரை மறக்கமாட்டான். நின்றவர்கள் அத்தனை பேரும் கைகூப்பினார்கள். கும்பிட்ட கைகளில் ஒன்று, றம்புட்டான் பையைப் பிடித்திருந்த கை. சிவப்புப் பழங்கள் செருப்புகளுக்கும் சூட்கேசுகளுக்கும் இடையே உருண்டோடின. குழந்தைகள் ஆசனங்களுக்கு அடியில் தவழ்ந்தார்கள். பழக்காரத் தம்பி எண்ணவில்லை, கேட்டவருக்கெல்லாம் கொடுத்தார்.

கிளிநொச்சியில் அவரும் நானும் இறங்கினோம். ரயில் நகரத் தொடங்கிய பின், ஜன்னலால் ஒரு சின்னக் கை நீண்டது.

"அண்ணா, இதுவும் உங்களுடையது!"

தம்பி மேடையோடு ஓடிப்போய் அந்த ஒற்றைப் பழத்தை வாங்கிக்கொண்டார்.